ஜான் சாவேஜின் நூல்கள்: எதில் தொடங்குவது, எப்படி வாசிப்பது

பிரிட்டிஷ் பத்திரிகையாளர் ஜான் சாவேஜின் நூல்களில் எதை முதலில் வாசிப்பது, எழுபதுகளின் நடுவில் எழுந்த முரட்டு ராக் இசையான பங்க்கைக் கேட்டே அறியாத ஒருவருக்கு அவற்றில் என்ன கிடைக்கும், வார இதழ்களில் இசை விமர்சனம் எழுதி வளர்ந்த ஒருவரின் நூலை வரலாறு என்று எடுத்துக்கொள்ளலாமா என்ற மூன்று கேள்விகளும் ஒன்றோடொன்று பிணைந்தவை. கடைசிக் கேள்வியை முதலில் எடுத்துக்கொண்டால் மற்ற இரண்டுக்கும் விடை சொல்வது எளிதாகும்.

எடுத்துக்கொள்ளலாம் என்பதே என் பதில். ராக் இசையைப் பற்றி எழுதுவோரில் பலர் முடிவு தெரிந்த கதையையே சொல்கிறார்கள். புகழ்பெற்ற குழு புகழ்பெறவே பிறந்தது போலவும், அதன் முதல் கச்சேரிக்கு வந்திருந்த சிலர் எல்லாம் அறிந்தே வந்து அமர்ந்திருந்தது போலவும் அந்தக் கதைகள் அமைந்துவிடும். சாவேஜோ தேதியை விடாப்பிடியாகப் பற்றிக்கொள்பவர். குறிப்பிட்ட ஒரு வாரத்தில், குறிப்பிட்ட ஒரு தெருவில் இருந்தவர்களுக்கு என்ன தெரிந்திருந்தது, என்ன தெரிந்திருக்கவில்லை என்பதை முதலில் நிலைநிறுத்திவிட்டுத்தான் அதற்குப் பொருள் சொல்லத் துணிவார். இசைத்தட்டு, அதன் உறை, கடையின் பெயர்ப்பலகை, சுவரொட்டி, நாளிதழ்த் தலைப்பு ஆகிய அனைத்தையும் தேதியிட்ட ஆவணங்களாக அடுக்கிப் பார்க்கும் இந்தப் பழக்கம் அவருடைய முக்கியமான நூல்கள் எல்லாவற்றிலும் ஏதோ ஒரு வடிவில் இருக்கிறது. அவற்றின் பலம் அது. சில இடங்களில் பலவீனமும் அதுதான்.

1953இல் லண்டனில் பிறந்த சாவேஜ், கேம்பிரிட்ஜில் கிரேக்க, லத்தீன் செவ்வியல் இலக்கியங்களைப் படித்து, பின்னர் வழக்கறிஞர் பயிற்சியில் இருந்தவர். 1976இன் இறுதியில், பங்க் என்ற பெயர் நாளிதழ்களில் அடிபடத் தொடங்கிய அதே நாட்களில், கத்தரித்து ஒட்டி நகலெடுத்த ‘லண்டன்ஸ் அவுட்ரேஜ்’ என்ற சிற்றிதழைத் தானே வெளியிட்டார். இரண்டாவது இதழுக்காக அவர் எடுத்த படங்களில் பாடகர்கள் இல்லை. மேற்கு லண்டனின் கைவிடப்பட்ட வீடுகளும், வெற்று மனைகளும், மேம்பாலத்தின் அடிப்புறமும்தான் இருந்தன. இசையைப் பற்றி எழுத வந்தவர் கட்டடங்களைப் படமெடுத்துக்கொண்டிருந்தார் என்பதை, பின்னால் அவர் எழுதியவற்றுக்கெல்லாம் சரியான முன்னுரை என்று நான் கருதுகிறேன். பிறகு ‘சவுண்ட்ஸ்’, ‘மெலடி மேக்கர்’, ‘தி ஃபேஸ்’ ஆகிய இதழ்களில் எழுதினார். 1979இல் கிரானடா தொலைக்காட்சியில் வேலைக்குச் சேர்ந்து மான்செஸ்டருக்குக் குடிபெயர்ந்தார்.

தொடங்க வேண்டிய நூல் ‘இங்கிலாந்ட்ஸ் ட்ரீமிங்’. செக்ஸ் பிஸ்டல்ஸ் குழுவையும் அதைச் சுற்றி எழுந்த பங்க் இயக்கத்தையும் பற்றிய இந்தப் பெரிய நூல் 1991இல் வெளிவந்தது. குழுவின் வரலாறு என்று நினைத்துத் திறப்பவருக்கு முதலில் கிடைப்பது ஒரு துணிக்கடையின் வரலாறு. லண்டன் கிங்ஸ் ரோட்டில் 430ஆம் எண் கட்டடத்தில் பின்னாளில் குழுவின் மேலாளரான மால்கம் மக்லாரனும் ஆடை வடிவமைப்பாளர் விவியன் வெஸ்ட்வுட்டும் 1971இல் தொடங்கிய கடை, ஐம்பதுகளின் ராக் அண்ட் ரோல் உடைகளை விற்ற ‘லெட் இட் ராக்’ என்ற பெயரிலிருந்து மாறி மாறி, 1974இல் ‘செக்ஸ்’ என்றும் 1976 இறுதியில் ‘செடிஷனரீஸ்’ என்றும் ஆனது. ஒவ்வொரு பெயர் மாற்றத்தின்போதும் விற்பனைக்கு இருந்த சரக்கும், உள்ளே வந்துபோன கூட்டமும், கடையை நடத்தியவர்களின் நோக்கமும் எப்படி மாறின என்று சாவேஜ் பொறுமையாக எழுதுகிறார். அந்தக் கடையைச் சுற்றித் திரிந்த ஸ்டீவ் ஜோன்ஸ், பால் குக், சனிக்கிழமைகளில் அங்கே வேலை செய்த கிளென் மாட்லாக், பிங்க் ஃபிளாய்டை வெறுக்கிறேன் என்று எழுதிய சட்டையோடு 1975இல் அங்கே தென்பட்ட, பாடகராகவிருந்த ஜான் லைடன் ஆகியோர் சேர்ந்துதான் குழுவானார்கள். உடையும் சொல்லும் உருவமும் ஒரே இடத்தில் உருவாகிக்கொண்டிருந்தபோது இசை அவற்றோடு வந்து சேர்ந்தது என்பதை இந்த வரிசையே காட்டிவிடுகிறது.

ஓவியமும் வடிவமைப்பும் இந்த நூலில் அலங்காரமாக வருவதில்லை. குழுவின் இசைத்தட்டு உறைகளை வடிவமைத்த ஜேமி ரீட், மக்லாரனுடன் குரோய்டன் கலைக்கல்லூரியில் படித்தவர். எழுபதுகளின் தொடக்கத்தில் ‘சபர்பன் பிரஸ்’ என்ற சிறு அச்சகத்தின் மூலம் குரோய்டன் நகராட்சி அரசியலையும், நிலம் வாங்கி விற்போரையும் கிண்டலடித்துத் துண்டறிக்கைகள் அச்சிட்டவர். ஆள்கடத்தல்காரர்களின் மிரட்டல் கடிதம்போல நாளிதழிலிருந்து கத்தரித்த எழுத்துகளை ஒட்டும் அவருடைய பாணி பணத்தட்டுப்பாட்டிலும் அரசியலிலும் ஒருசேரப் பிறந்தது. 1968 பாரிஸ் கிளர்ச்சிக்கு முன்னால் கீ டெபோரும் அவர் சார்ந்த சிச்சுவேஷனிஸ்டுகள் என்ற தீவிர இடதுசாரிக் கலைக்குழுவினரும் விளம்பரப் படங்களையும் படக்கதைகளையும் எடுத்து, அவற்றின் சொற்களை மட்டும் மாற்றி எதிரிக்கே எதிராகத் திருப்பிய உத்தி, குரோய்டன் வழியாக ஒரு பாப் இசைத்தட்டின் உறைக்கு வந்து சேர்ந்த பாதையை சாவேஜ் படிப்படியாகத் தடம்பிடிக்கிறார். ‘காட் சேவ் தி குவீன்’ உறையில் அரசியின் படத்தில் கண்களும் வாயும் கிழித்தாற்போன்ற எழுத்துப் பட்டைகளால் மறைக்கப்பட்டிருப்பதைப் பார்க்கும்போது, இந்தப் பாதை தெரிந்தவருக்கும் தெரியாதவருக்கும் அது வேறு வேறு படமாகத் தெரியும். 1987இலேயே ரீட்டுடன் சேர்ந்து அவருடைய படைப்புகளைப் பற்றி ஒரு நூலை சாவேஜ் வெளியிட்டிருந்தார் என்பதால், இந்தப் பகுதிகளில் இரவல் அறிவின் தயக்கம் துளியும் இல்லை.

நாட்குறிப்பு முறை இந்த நூலில் இரண்டு விதங்களில் வேலை செய்கிறது. ஒன்று, 1976, 1977ஆம் ஆண்டுகளில் தான் எழுதிய குறிப்புகளை சாவேஜ் இடையிடையே அப்படியே சேர்த்திருக்கிறார். கச்சேரிக்குப் போய் வந்த இளைஞனின் பதற்றமும் வியப்பும் சில நேரம் சலிப்பும் அவற்றில் இருக்கின்றன. பதினைந்து ஆண்டுகள் கழித்து எழுதும் வரலாற்றாசிரியர் அந்த இளைஞனைத் திருத்துவதில்லை. இரண்டாவது, நிகழ்ச்சிகளின் வேகத்தை வாசகர் உணரும்படி அவர் அவற்றை அடுக்கும் விதம். 1976 டிசம்பர் 1 அன்று பில் கிரண்டி நடத்திய மாலை நேரத் தொலைக்காட்சி நிகழ்ச்சியில் குழுவினர் கெட்ட வார்த்தை பேசினார்கள், மறுநாள் நாளிதழ்கள் கொதித்தன, திட்டமிட்டிருந்த கச்சேரிகளில் பெரும்பாலானவற்றை உள்ளூர் நிர்வாகங்களும் அரங்கங்களும் ரத்து செய்தன, ஜனவரியில் இசைத்தட்டு நிறுவனமான இ.எம்.ஐ. ஒப்பந்தத்தை முறித்தது. மார்ச் 10 அன்று பக்கிங்காம் அரண்மனை வாசலில் மேசை போட்டு ஏ அண்ட் எம் நிறுவனத்துடன் கையெழுத்திட்டார்கள். ஒரு வாரத்துக்குள் அதுவும் முறிந்தது. மே 27 அன்று வர்ஜின் நிறுவனம் அரசியைப் பற்றிய பாடலை வெளியிட்டது. அரசியின் வெள்ளி விழாக் கொண்டாட்டங்களுக்கிடையே, ஜூன் 7 அன்று தேம்ஸ் நதியில் படகில் கச்சேரி நடத்தியபோது காவல்துறை படகைக் கரைக்குத் திருப்பியது. வானொலியில் தடை செய்யப்பட்ட அந்தப் பாடல் விற்பனைப் பட்டியலில் இரண்டாம் இடம் வரை போனது. 1978 ஜனவரி 14 அன்று சான் பிரான்சிஸ்கோவில் கடைசிக் கச்சேரி. இந்தப் பதின்மூன்று மாதங்களைச் சுருக்கிச் சொல்வது யாருக்கும் எளிது. ஒவ்வொரு திருப்பத்திலும் பங்கேற்றவர்கள் அடுத்து என்ன வரும் என்று அறியாமல் தடுமாறியதையும், மக்லாரன் பின்னால் தன் திட்டம் என்று உரிமை கொண்டாடியவற்றில் பாதி அன்றைக்குத் தற்செயலாக நடந்தவை என்பதையும் காட்டுவதற்குத்தான் இத்தனை பக்கங்கள் வேண்டியிருக்கின்றன.

அந்தக் காலத்தின் அரசியலும் அதே கண்டிப்போடு வருகிறது. 1976 ஆகஸ்டில் நாட்டிங் ஹில் திருவிழாவில் கறுப்பின இளைஞர்களுக்கும் காவல்துறைக்கும் நடந்த மோதல், அதே மாதம் பர்மிங்ஹாம் மேடையில் கிதார் கலைஞர் எரிக் கிளாப்டன் குடியேறியவர்களுக்கு எதிராகப் பேசியதன் விளைவாக எழுந்த ‘ராக் அகெய்ன்ஸ்ட் ரேசிசம்’ என்ற இனவாத எதிர்ப்பு இயக்கம், தொடக்ககால பங்க் இளைஞர்கள் சிலர் அதிர்ச்சிக்காக அணிந்த ஸ்வஸ்திகா ஆகியவற்றை சாவேஜ் மழுப்பவில்லை. குறிப்பாகக் கடைசி விஷயத்தில், அதை வெறும் குறும்பு என்று தள்ளவும் அவர் தயாராக இல்லை, அணிந்தவர்கள் எல்லோரையும் பாசிஸ்டுகள் என்று முத்திரை குத்தவும் தயாராக இல்லை. தீவிர வலதுசாரிக் கட்சியான நேஷனல் ஃப்ரன்ட் வளர்ந்துகொண்டிருந்த ஆண்டில் அந்தச் சின்னத்தோடு விளையாடியதன் விலை என்ன என்று கேட்கிறார். நூல் மார்கரெட் தாட்சர் 1979இல் ஆட்சிக்கு வந்த கட்டம் வரை நீள்வதற்கும் காரணம் இருக்கிறது. போருக்குப் பிந்தைய பிரிட்டனின் நலவாழ்வு அரசு ஒப்பந்தம் உடைந்துகொண்டிருந்தது. உடைவதை அறிவித்த இரண்டு குரல்களில் ஒன்று இடதுபுறச் சிதைவிலிருந்தும் மற்றொன்று வலதுபுறத்திலிருந்தும் வந்தது என்பது அவருடைய வாதத்தின் அடிநீரோட்டம்.

குறைகளும் உண்டு. நூலின் எடை லண்டன் பக்கமாகவும், கலைக்கல்லூரிக் கூட்டத்தின் பக்கமாகவும் சாய்கிறது. தொழிலாளர் குடும்பங்களிலிருந்து வந்த பையன்கள் எதற்காக அந்த இசையைப் பிடித்துக்கொண்டார்கள் என்பதற்கு, மக்லாரனின் சித்தாந்த வாசிப்புகளைவிடக் குறைவான இடமே கிடைக்கிறது. ஜான் லைடன் 1994இல் வெளியிட்ட தன்வரலாறு வேறு கோணத்தில் அதே நாட்களைச் சொல்கிறது. அயர்லாந்திலிருந்து வந்து வடக்கு லண்டனில் குடியேறிய ஏழைக் குடும்பத்துப் பிள்ளையின் கோபம் அதில் தெரிகிறது. இரண்டையும் அடுத்தடுத்து வாசிப்பது நல்லது. நியூயார்க் பங்க் உலகத்தை அறிய லெக்ஸ் மக்நீலும் ஜிலியன் மக்கெய்னும் 1996இல் தொகுத்த வாய்மொழி வரலாறு தேவைப்படும். இதே சிச்சுவேஷனிஸ்ட் தொடர்பைக் கொண்டு அமெரிக்க விமர்சகர் கிரெய்ல் மார்கஸ் 1989இல் ‘லிப்ஸ்டிக் டிரேசஸ்’ எழுதினார். அவர் நூற்றாண்டுகளைத் தாவி, பதினாறாம் நூற்றாண்டு மதக் கலகக்காரர்களையும் டாடா கலை இயக்கத்தினரையும் லைடனையும் ஒரே மூச்சில் இணைக்கிறார். அது வாசிக்கப் பரவசமானது. ஆனால் யார் யாரைச் சந்தித்தார், எந்தத் துண்டறிக்கை எவர் கைக்கு எப்போது வந்தது என்ற கேள்விக்கு நிதானமாகப் பதில் சொல்வது சாவேஜ்தான். என் சாய்வு அவர் பக்கம்.

இந்த நூலுக்காக எடுத்த நேர்காணல்களை 2009இல் தனித் தொகுதியாகவும் அவர் வெளியிட்டார். மக்லாரன் 2010இலும், வெஸ்ட்வுட் 2022இலும், ரீட் 2023இலும் மறைந்துவிட்ட நிலையில் அந்தப் பதிவுகளின் மதிப்பு கூடியிருக்கிறது. அவருடைய பங்க் ஆவணத் தொகுப்பு லிவர்பூல் ஜான் மூர்ஸ் பல்கலைக்கழகத்தில் பாதுகாக்கப்படுகிறது.

1984இல் வந்த கின்க்ஸ் குழு வரலாறு, ஹனிஃப் குரேஷியுடன் இணைந்து 1995இல் தொகுத்த பாப் இசைக் கட்டுரைத் திரட்டு, 1996இல் வந்த தம் இதழியல் கட்டுரைகளின் தொகுப்பான ‘டைம் டிராவல்’ ஆகியவற்றை முதல் சுற்றில் விட்டுவிடலாம். கடைசியாகச் சொன்னதை மட்டும், கிடைத்தால், நடுவில் புரட்டிப் பார்க்கலாம்.

இசையில் ஆர்வமே இல்லாதவருக்கு நான் முதலில் கொடுப்பது 2007இல் வந்த ‘டீனேஜ்’. பதின்பருவத்தினர் என்ற தனி இனமே 1945க்குப் பிறகு ராக் அண்ட் ரோலோடு பிறந்தது என்ற பொதுவான நம்பிக்கையை எடுத்துக்கொண்டு, அதற்கு முந்தைய எழுபது ஆண்டுகளை மட்டும் எழுதி, அந்த 1945லேயே நூலை முடித்துவிடுகிறார். தொடக்கம் 1875: நாட்குறிப்பில் புகழ்வேட்கையைக் கொட்டிய மரீ பாஷ்கிர்ட்செஃப் என்ற பெண்ணும், பாஸ்டனில் கொலை செய்த ஜெசி போமரோய் என்ற சிறுவனும் அருகருகே வருகிறார்கள். 1904இல் உளவியலாளர் ஸ்டான்லி ஹால் வளரிளம் பருவத்தைத் தனிக் கட்டமாக வரையறுத்த நூல், ஜெர்மனியில் காடுமலை சுற்றிய வாண்டர்ஃபோகல் இளைஞர்கள், 1908இல் தொடங்கிய சாரணர் இயக்கம், முதல் உலகப் போர் விழுங்கிய தலைமுறை என்று போகிறது.

அதன் உச்சம் நாஜி ஆட்சிக்கால அத்தியாயங்கள். ஹாம்பர்க்கில் ஜாஸ் தட்டுகளுக்கு ஆடிய ஸ்விங் இளைஞர்களின் தலைவர்களை முகாமுக்கு அனுப்பச் சொல்லி 1942 ஜனவரியில் நாஜித் தலைவர்களில் ஒருவரான ஹிம்லர் எழுதினார். பாரிஸில் நீண்ட கோட்டும் நீண்ட முடியுமாகத் திரிந்த ஸாஸூ இளைஞர்களில் சிலர், யூதர்கள் மஞ்சள் நட்சத்திரம் அணிய வேண்டும் என்ற ஆணை வந்தபோது, தாங்களும் மஞ்சள் நட்சத்திரம் ஒட்டி அதில் ‘ஸ்விங்’ என்று எழுதிக்கொண்டார்கள். கொலோன் நகரில் எடல்வைஸ் பைரேட்ஸ் என்ற நாஜி எதிர்ப்பு இளைஞர் கூட்டத்தோடு தொடர்புடைய பதின்பருவத்தினர் சிலர் 1944 நவம்பரில் விசாரணையின்றிப் பகிரங்கமாகத் தூக்கிலிடப்பட்டார்கள். அதே இலையுதிர் காலத்தில் அமெரிக்காவில் ‘செவன்டீன்’ இதழ் முதல்முறையாக வெளிவந்தது. நியூயார்க் பாரமவுன்ட் அரங்கின் முன் ஃபிராங்க் சினாட்ராவுக்காகப் பல்லாயிரம் பெண்கள் திரண்டார்கள். இவற்றை ஒரே நூலில் தேதிவாரியாக வைத்த பிறகு, போருக்குப் பின் உலகம் ஏன் வேறெந்த மாதிரியையும் விட்டு, பொருள் வாங்கும் அமெரிக்கப் பதின்பருவத்தினரின் மாதிரியை ஏற்றது என்பதை நீண்ட விளக்கமின்றியே புரிந்துகொள்ள முடிகிறது. சாவேஜ் பிறப்பதற்கு முந்தைய காலம் என்பதால் நேரில் கண்டவரின் சூடு இதில் இல்லை. நூலகத்தின் வாடை சில அத்தியாயங்களில் தூக்கலாகவே அடிக்கிறது. நடுப்பகுதியில் அமெரிக்கச் சிறார் குற்றம் பற்றிய பக்கங்களை வேகமாகக் கடந்துவிட்டால் இழப்பு அதிகமில்லை.

2015இல் வந்த ‘1966’ நூலில் மாதத்துக்கு ஓர் அத்தியாயம் என்று பன்னிரண்டு அத்தியாயங்கள். ஒவ்வொன்றும் அந்தந்த மாதத்தில் வெளிவந்த இரண்டு மூன்று நிமிட சிங்கிள் இசைத்தட்டுகளை வாசலாகக் கொண்டு, அணுகுண்டு அச்சம், வியட்நாம் போர், எல்.எஸ்.டி. போதைப்பொருள், பெண்கள் இயக்கம், கறுப்பின இசை, ஓவியர் வார்ஹால் என்று ஒவ்வொரு பொருளுக்குள் நுழைகிறது. பல பாடல்கள் அடங்கிய எல்.பி. ரெக்கார்டுகள் பாப் இசையின் முதன்மை வடிவமாக மாறுவதற்கு முன்னால், ஒரு குழு புதிதாக எதையாவது கண்டுபிடித்தால் அதைச் சில வாரங்களுக்குள் மூன்று நிமிடத்துக்குள் அடக்கி விற்றாக வேண்டியிருந்தது என்பதும், அந்த நெருக்கடியே அந்த ஆண்டின் வேகத்துக்குக் காரணம் என்பதும் அவர் வாதம். மார்ச் மாதத்தில் ஒரே நேரத்தில் அமெரிக்கப் பட்டியலின் உச்சியில் போர் வீரரைப் போற்றும் ‘தி பேலட் ஆஃப் தி கிரீன் பெரேஸ்’ இருந்ததையும், பேர்ட்ஸ் குழுவின் ‘எய்ட் மைல்ஸ் ஹை’ வெளிவந்ததையும் பக்கத்தில் பக்கத்தில் வைக்கும்போது, அறுபதுகள் முழுவதும் ஒரே பூக்கோலமாக இருந்தன என்ற நினைப்பு கலைந்துவிடுகிறது. பாடல்களை அறியாதவர் மிகவும் திணறும் நூலும் இதுதான். பாடல் ஒலிக்காத பக்கங்களில் பெயர்ப்பட்டியல் மட்டுமே மிஞ்சும். ஏஸ் ரெக்கார்ட்ஸ் நிறுவனம் இந்த நூலோடு ஒட்டி சாவேஜ் தேர்ந்தெடுத்த பாடல்களை இரட்டைத் தட்டாக வெளியிட்டிருக்கிறது. ஒவ்வொரு அத்தியாயத்திலும் வரும் பாடல்களை முதலில் கேட்டுவிட்டுப் பிறகு வாசிப்பதே சரியான வழி.

ஜாய் டிவிஷன் குழுவைப் பற்றிய 2019ஆம் ஆண்டு நூல் வாய்மொழி வரலாறு. 1976இல் மான்செஸ்டர் லெஸ்ஸர் ஃப்ரீ டிரேட் ஹாலில் செக்ஸ் பிஸ்டல்ஸ் கச்சேரியைக் கேட்டுக் குழு தொடங்கியவர்களிலிருந்து, பாடகர் இயன் கர்ட்டிஸ் 1980 மே 18 அன்று இருபத்து மூன்று வயதில் உயிரை மாய்த்துக்கொண்டது வரை, நண்பர்களும் உடன் பணியாற்றியவர்களும் மாறி மாறிப் பேசுகிறார்கள். ஆசிரியரின் விளக்கம் அநேகமாக இல்லை. குழு செயல்பட்ட நாட்களிலேயே அவர்களைப் பற்றி எழுதியவர், நாற்பது ஆண்டுகள் கழித்துத் தன் குரலை அடக்கிக்கொண்டது ஒரு நாணயமான முடிவு. காக்கை வலிப்பு நோயும் உள்ளக் குலைவும் கண்முன்னே தெரிந்தும், பாடல் வரிகளில் எழுதியே வைத்தும், சுற்றியிருந்த இருபது வயதுப் பையன்களுக்கு ஏன் புரியவில்லை என்ற கேள்விக்குப் பின்னறிவு இல்லாத பதில் இந்த வடிவத்தில்தான் கிடைக்கும். ஆனால் அந்த நகரத்தின் இடிந்த ஆலைகளைப் பற்றி அவர் சொந்தமாக இன்னும் சில பக்கங்கள் எழுதியிருக்கலாம் என்ற ஆதங்கம் எனக்கு உண்டு.

2024இல் வெளிவந்த ‘தி சீக்ரெட் பப்ளிக்’ நூலைக் கடைசியாக வைத்துக்கொள்ளுங்கள். தலைப்பு பழையது: 1978இல் சாவேஜும் ஓவியர் லிண்டரும் சேர்ந்து வெளியிட்ட கத்தரித்து ஒட்டிய படங்களின் இதழுக்கு அதே பெயர்தான். ஆடையற்ற பெண்ணுடலின் தலைக்குப் பதில் இஸ்திரிப்பெட்டியை ஒட்டிய, பஸ்காக்ஸ் என்ற பங்க் குழுவின் புகழ்பெற்ற உறைப்படத்தைச் செய்தவர் லிண்டர். தன்பால் ஈர்ப்பாளரான சாவேஜ், 1955 முதல் 1979 வரையான பாப் இசையில் தன்பால் ஈர்ப்பாளர்களின் பங்கை இந்த நூலில் எழுதுகிறார். நியூ ஆர்லியன்ஸ் ஒலிப்பதிவுக்கூடத்தில் லிட்டில் ரிச்சர்டின் கொச்சையான மேடைப் பாடல் வரிகள் மாற்றப்பட்டு ‘டுட்டி ஃப்ருட்டி’ ஆனது, பிரிட்டனில் ஆண்களின் தன்பால் உறவைக் குற்றமாகக் கருதக் கூடாது என்று பரிந்துரைத்த 1957இன் வுல்ஃபன்டன் அறிக்கை, தன் வாழ்க்கையை மறைத்தே பீட்டில்ஸை வளர்த்த பிரையன் எப்ஸ்டீன், 1967 ஜூலையில் சட்டம் ஓரளவு தளர்ந்து ஒரு மாதத்தில் அவர் மறைந்தது, 1972 ஜனவரியில் ‘மெலடி மேக்கர்’ பேட்டியில் பாடகர் டேவிட் போவி தன்னைப் பற்றி வெளிப்படையாகச் சொன்னது, டிஸ்கோ இசையில் பாடகர் சில்வெஸ்டர் எட்டிய வெற்றி என்று அது நகர்கிறது.

‘இங்கிலாந்ட்ஸ் ட்ரீமிங்’ நூலிலேயே இதற்கான விதை இருக்கிறது. பங்க் இயக்கத்தின் முதல் கூட்டம் மாலைகளில் கூடியது லண்டனின் சோஹோ பகுதியில், போலந்து ஸ்ட்ரீட்டில் பெண் தன்பால் ஈர்ப்பாளர்களின் இரவு விடுதியான லூயிஸஸில். அவர்களின் முதல் சொந்த அரங்கான ராக்ஸி முன்பு தன்பால் ஈர்ப்பாளர்களின் இரவு விடுதியாக இருந்த இடம். வேறெங்கும் அவர்களை உள்ளே விடமாட்டார்கள் என்பதால் ஒதுக்கப்பட்ட ஒரு கூட்டம் ஒதுக்கப்பட்ட இன்னொரு கூட்டத்துக்கு இடம் கொடுத்தது. 1991இல் சில பக்கங்களில் கடந்துபோன அந்தக் குறிப்பு 2024இல் முழு நூலாக விரிந்திருப்பதைப் பார்க்க வேண்டுமென்றால், இரண்டுக்கும் இடையே ‘டீனேஜ்’, ‘1966’ இரண்டையுமாவது வாசித்திருக்க வேண்டும்; இசைத்தட்டுத் தயாரிப்பாளர் ஜோ மீக் 1966 ஆகஸ்டில் டொர்னாடோஸ் குழுவின் ஓர் இசைத்தட்டின் பின்பக்கத்தில் ஒலிக்கவிட்ட, இரு தன்பால் ஈர்ப்பாளர்களின் கழிவறை வம்புப் பேச்சைப் பற்றி ‘1966’ நூல் முன்கூட்டியே பேசிவிடுகிறது.